மாற்றுத் திறனாளி வண்டிக்கு இடம் எங்கே?

(நமது திருப்பதி நிருபர்)

30 மீட்டர் தூரம் என்பது கால் நன்றாக இருப்பவருக்கு ஒன்றுமே இல்லை. பக்கத்தில் வருபவரோடு நாலு வார்த்தை பேசி முடிப்பதற்குள் கடந்து விடலாம். அதே தூரத்தை அக்குளில் ஊன்றுகோலும் தோளில் பையுமாக, சித்திரை வெயிலில் நடக்க வேண்டியவரைக் கேட்டால் வேறு கணக்குச் சொல்வார்.

இந்தக் கணக்கைச் சட்டம் எழுதியவர்களும் அறிந்தே இருக்கிறார்கள். தேசியக் கட்டட விதித் தொகுப்பு, பொதுக் கட்டடங்களில் உடல் ஊனமுற்றோருக்காக இரண்டு கார்கள் நிற்கும் இடத்தை வாசலிலிருந்து 30 மீட்டருக்குள் ஒதுக்க வேண்டும் என்று சொல்கிறது. ஒவ்வோர் இடமும் குறைந்தது 3.6 மீட்டர் அகலம் இருக்க வேண்டும். வண்டிக் கதவை முழுக்கத் திறந்து, சக்கர நாற்காலியைப் பக்கத்தில் விரித்து, அதில் மாறி உட்கார அவ்வளவு அகலம் தேவைப்படுகிறது.

சட்டம் இருக்கிறது, பல இடங்களில் நீல நிறத்தில் சக்கர நாற்காலிப் படமும் தரையில் வரைந்திருக்கிறார்கள். ஆனால் அந்த இடத்தில் வண்டி நிறுத்தும் உரிமை தமக்கு உண்டு என்று ஒருவர் எதைக் காட்டி நிரூபிப்பது? சித்தூரிலும் திருப்பதியிலும் வேலை பார்க்கும் தமிழர்கள் சிலர் இதைப் பற்றி விசாரித்திருக்கிறார்கள். அவர்களுக்காகவே இந்தக் கட்டுரை.

ஒரு கணக்கரின் அனுபவம்

அன்பர் ஒருவர் குடியாத்தம் பக்கத்துக்காரர். திருப்பதியில் ஒரு ஜவுளிக் கடையில் கணக்கு எழுதுகிறார். சிறு வயதில் இளம்பிள்ளை வாதம் வந்து வலது கால் சூம்பிப் போனது. பின்பக்கம் இரு புறமும் சிறு சக்கரங்கள் பூட்டிய ஸ்கூட்டரில் போய் வருகிறார். இந்தியாவில் இளம்பிள்ளை வாதம் 2011 ஜனவரியோடு ஓய்ந்தது; 2014 மார்ச்சில் அது ஒழிந்ததாகச் சான்றும் கிடைத்தது. ஆனால் அதற்கு முன் அந்த நோய்க்கு ஆளானவர்கள் இன்று நாற்பது, ஐம்பது வயதில் குடும்பத்தைத் தாங்கி உழைத்துக் கொண்டிருக்கிறார்கள்.

ஊரிலிருந்து வந்த தாயாரை அழைத்துக் கொண்டு இவர் ஒரு பெரிய கட்டடத்துக்குப் போயிருக்கிறார். வாசலுக்கு அருகில் நீலப் படம் போட்ட இடத்தில் மூன்று மோட்டார் சைக்கிள்கள் நின்றன. நாலாவதாகத் தம் வண்டியை நுழைக்கப் பார்த்தார். வண்டிகளுக்குச் சீட்டுக் கிழிக்கும் பையன் ஓடி வந்து, "அன்னா, இக்கட காது, அக்கட பெட்டண்டி" என்று கோடியைக் காட்டினான்.

"என்னால் அவ்வளவு தூரம் நடக்க முடியாது தம்பி."

"கார்டு ஏதாவது உந்தா அன்னா?"

பையன் கேட்டது நியாயமான கேள்விதான். அன்பரிடம் கார்டு இல்லை. தாயாரை வாசலில் இறக்கி விட்டு, வண்டியைக் கோடியில் நிறுத்தி விட்டு நடந்து வந்தார். மறுநாள் ரயில்வே கவுண்டரில் என்னைப் பார்த்தபோது, "சார், அப்படி ஒரு கார்டு எங்கே கொடுக்கிறார்கள்?" என்று கேட்டார்.

வெளிநாடுகளில் உள்ள வழக்கம்

அவர் கேட்கும் கார்டு பல தேசங்களில் உண்டு. பிரிட்டனில் 1970-ஆம் ஆண்டு ஒரு சட்டம் கொண்டு வந்து, 1971-லிருந்து ஆரஞ்சு நிற அட்டை கொடுத்தார்கள். 2000-ல் அது நீல அட்டையாக மாறியது. அட்டை ஆளுக்கே தவிர வண்டிக்கு அல்ல. தம்பி காரில் போனாலும் பக்கத்து வீட்டார் காரில் போனாலும் அட்டையைக் கண்ணாடிக்குள் வைத்தால் போதும்.

நம்மவர்கள் நிறைய வாழும் சிங்கப்பூரிலும் இதற்கு ஒரு திட்டம் உண்டு. தாமே வண்டி ஓட்டும் மாற்றுத் திறனாளிக்கு ஒரு வகை வில்லை, அவரை ஏற்றிச் செல்பவருக்கு இன்னொரு வகை வில்லை. விண்ணப்பத்தில் டாக்டர் பரிசோதித்து எழுத வேண்டிய பகுதியும் இருக்கிறது. எல்லாத் தேசங்களிலும் காணப்படும் அந்தச் சக்கர நாற்காலிச் சின்னத்தை 1968-ல் வரைந்தவர் சூசன் கோபட் என்ற டென்மார்க் மாணவி. தலையில்லாமல் அவர் வரைந்த உருவத்துக்கு மறு வருஷம் ஒரு வட்டத்தைத் தலையாகச் சேர்த்தார்கள்.

நம் நாட்டில் அந்தச் சின்னம் வந்து விட்டது. கண்ணாடியில் வைக்கும் அட்டை வரவில்லை. பிரிட்டனைப் போலவோ சிங்கப்பூரைப் போலவோ நாடு முழுவதற்கும் பொதுவான வண்டி நிறுத்தும் அனுமதி அட்டை இங்கே கிடையாது. அதன் இடத்தை நிரப்புபவை இரண்டு காகிதங்கள்: ஒன்று மருத்துவச் சான்றிதழ், மற்றது வண்டியின் பதிவுப் புத்தகம். இரண்டையும் சரியாக வைத்திருப்பவர் தைரியமாக வாதாடலாம்.

முதல் காகிதம்: சான்றிதழ்

ஊனமுற்றோருக்கான பழைய சட்டம் 1995-ல் வந்தது. அதில் 7 வகைக் குறைபாடுகளே இடம் பெற்றிருந்தன. 2016-ஆம் ஆண்டின் மாற்றுத் திறனாளிகள் உரிமைச் சட்டம் 2017 ஏப்ரல் 19-ல் அமலுக்கு வந்தபோது வகைகள் 21 ஆயின. கை, கால், கண், காது மட்டுமின்றி, தசைச் சிதைவு நோய், நடுக்குவாதம், ரத்தம் உறையாமை, ஆசிட் வீச்சுக்கு ஆளானவர்கள், தொழுநோயிலிருந்து குணமானவர்கள் ஆகியோரும் இதில் அடங்குவர்.

2021 ஜூன் 1 முதல் சான்றிதழ் வழங்குவது நாடு முழுவதும் கம்ப்யூட்டர் வழியாக மட்டுமே. 'சுவாவலம்பன்' என்ற மத்திய அரசுத் தளத்தில் விண்ணப்பித்தால் 18 எழுத்தும் எண்ணும் கலந்த ஒரு தனி அடையாள எண்ணுடன் அட்டை கிடைக்கும். இதைத்தான் 'யூ.டி.ஐ.டி.' அட்டை என்கிறார்கள். போட்டோ, கையெழுத்து அல்லது கைநாட்டு, ஆதார், முகவரிச் சான்று ஆகியவை வேண்டும். கட்டணம் கிடையாது. இடைத் தரகர்களுக்குப் பணம் கொடுக்க வேண்டிய அவசியமே இல்லை.

ஆந்திராவில் இந்தச் சான்றிதழை மக்கள் 'சதரம்' என்ற பெயரால்தான் அறிவார்கள். யூ.டி.ஐ.டி. வருவதற்கு முன்பே இந்த மாநிலம் தனக்கென்று ஏற்படுத்திக் கொண்ட கம்ப்யூட்டர் முறையின் பெயர் அது. மீ சேவா மையத்திலோ வார்டு, கிராம சச்சிவாலயத்திலோ போய், "சதரம் ஸ்லாட் காவாலி" என்று சொன்னால் புரிந்து கொள்வார்கள். மருத்துவ வாரியம் கூடும் நாளும் ஆஸ்பத்திரியும் குறித்துக் கொடுப்பார்கள். ஸ்லாட் எல்லா நாளும் திறந்திருக்காது. ஆகவே ஒரு முறை இல்லை என்றால் விட்டு விடாமல் அடுத்து எப்போது திறப்பார்கள் என்று கேட்டு வைத்துக் கொள்ள வேண்டும்.

எந்த ஊரில் விண்ணப்பிப்பது?

நம்மவர்களைக் குழப்புவது இந்த விஷயம்தான். வேலை திருப்பதியில், ஆதார் முகவரி வேலூர் மாவட்டத்தில் அல்லது திருவண்ணாமலை மாவட்டத்தில். எங்கே போவது?

விதி இரண்டு வழி சொல்கிறது. முகவரிச் சான்றில் எந்த மாவட்டம் இருக்கிறதோ அந்த மாவட்டத்து மருத்துவ அதிகாரியிடம் விண்ணப்பிக்கலாம். அல்லது அந்தக் குறைபாட்டுக்காக எந்த அரசு ஆஸ்பத்திரியில் சிகிச்சை பெற்றாரோ அங்கேயும் விண்ணப்பிக்கலாம். எங்கே வாங்கினாலும் சான்றிதழ் நாடு முழுவதும் செல்லும் என்று சட்டத்தின் 58-ஆம் பிரிவு தெளிவாகக் கூறுகிறது. "இது தமிழ்நாட்டுச் சர்டிபிகேட், இங்கே செல்லாது" என்று யாராவது சொன்னால் இந்தப் பிரிவை எடுத்துச் சொல்லலாம்.

ஆனால் பென்ஷன் விஷயம் வேறு. ஆந்திர அரசு 2024 ஜூலை முதல் மாற்றுத் திறனாளிகளுக்கு மாதம் 6,000 ரூபாயும், முழுக்கப் படுக்கையில் இருப்போருக்கு 15,000 ரூபாயும் தருகிறது. அது இந்த மாநிலத்தில் குடியிருப்போருக்கு உரியது. ஆகவே இங்கேயே நிலைத்து விடுவதா, ஊர் திரும்புவதா என்று குடும்பத்தில் கலந்து பேசி, முகவரியை அதற்கேற்பச் சரி செய்து கொண்டு விண்ணப்பிப்பது நல்லது. ஒருவருக்கு ஒரு எண்தான். இரண்டு மாநிலத்திலும் ஒவ்வொன்று என்று வாங்க முயல்வது வம்பில் கொண்டு போய் விடும்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். 2022 ஏப்ரல் 4-ல் பழைய சித்தூர் மாவட்டத்திலிருந்து திருப்பதி தனி மாவட்டமாகப் பிரிந்தது. ரேணிகுண்டா, காளஹஸ்தி, சந்திரகிரிப் பக்கத்தில் இருப்பவர்களின் பழைய ஆதாரில் இன்னும் சித்தூர் மாவட்டம் என்றே இருக்கக் கூடும். சித்தூருக்கு பஸ் ஏறுவதற்கு முன், தம் ஊர் இப்போது எந்த மாவட்டத்தில் இருக்கிறது என்று சச்சிவாலயத்தில் கேட்டுத் தெரிந்து கொண்டால் ஒரு நாள் கூலி மிச்சம்.

பல வருஷங்களுக்கு முன் கையால் எழுதி வாங்கிய சான்றிதழ் வைத்திருப்பவர்கள் அதைத் தூக்கிப் போட வேண்டாம். புதிய தளத்தில் விண்ணப்பிக்கும்போது பழைய சான்றிதழையும் இணைக்க இடம் இருக்கிறது. நமது கணக்கர் அன்பரிடம் அப்படி ஒரு காகிதம் தகரப் பெட்டியில் கிடந்தது. பள்ளியில் படித்த காலத்தில் வாங்கியது. அதற்குப் பிறகு அவர் அதை வெளியே எடுத்ததே இல்லை.

டாக்டர் முன்னால்

சிகிச்சை செய்த டாக்டர் எழுதிக் கொடுத்தாலே போதும் என்று பலர் எண்ணுகிறார்கள். அப்படி அல்ல. மாநில அரசு அறிவித்த மருத்துவ அதிகாரியோ வாரியமோ கொடுத்தால்தான் அது சான்றிதழ். தனியார் ஆஸ்பத்திரிக் காகிதம் அதற்கு ஆதாரம் ஆகும், அவ்வளவே. ஆனால் அந்த ஆதாரத்துக்கு நல்ல மதிப்பு உண்டு. ஆபரேஷன் விவரம், டிஸ்சார்ஜ் சீட்டு, எக்ஸ்ரே ஆகியவற்றை வருஷ வாரியாக அடுக்கி எடுத்துப் போனால் டாக்டருக்கும் வேலை சுலபம், நமக்கும் அலைச்சல் குறையும்.

இந்தப் பக்கத்து ஜனங்களுக்கு மருத்துவ வசதிக்குக் குறைவில்லை. திருப்பதியில் ருயா அரசு ஆஸ்பத்திரி இருக்கிறது. எலும்பு, மூட்டுச் சிகிச்சைக்குத் தேவஸ்தானத்தின் பர்ட் ஆஸ்பத்திரி இருக்கிறது. சித்தூர்க்காரர்கள் காட்பாடி வழியாக வேலூர் சி.எம்.சி.க்குப் போவது தலைமுறை வழக்கம். அங்கே 1966-ல் மறுவாழ்வு நிலையம் தொடங்கக் காரணமாக இருந்தவர் டாக்டர் மேரி வர்கீஸ். 1954-ல் நடந்த வாகன விபத்தில் இடுப்புக்குக் கீழே செயல் இழந்தவர் அவர். சக்கர நாற்காலியில் உட்கார்ந்தபடியே தொழுநோயாளிகளின் கைகளுக்கு அறுவைச் சிகிச்சை செய்தார். சான்றிதழில் எழுதும் சதவீதம் ஒருவருடைய திறமைக்குப் போடும் மார்க் அல்ல என்பதற்கு அவரை விட வேறு உதாரணம் வேண்டாம்.

சதவீதம் என்றதும் ஒரு சங்கதி. தெலுங்கில் சதவீதத்தை 'சாதம்' என்பார்கள். "எந்த சாதம்?" என்று உதவியாளர் கேட்டபோது, சாப்பாட்டைப் பற்றி விசாரிக்கிறார் என்று எண்ணி, "காலையில் இட்லிதான் சாப்பிட்டேன்" என்று பதில் சொன்ன ஒரு பெரியவரின் கதையை இங்கே சிரித்துச் சிரித்துச் சொல்வார்கள். 'வைகல்யம்' என்றால் ஊனம், 'விகலாங்குலு' என்றால் ஊனமுற்றோர் என்பதையும் தெரிந்து கொண்டு போனால் கியூவில் நிற்கும்போது உதவும்.

நாற்பது என்ற எல்லை

பெரும்பாலான சலுகைகளுக்கு 40 சதவீதம் என்பதே எல்லை. எப்படி அளப்பது என்பதற்கு மத்திய அரசின் வழிகாட்டு விதிகள் உண்டு. 2018-ல் வந்தவற்றை 2024 மார்ச்சில் திருத்தி வெளியிட்டார்கள். டாக்டர் நம் முகத்தைப் பார்த்து எண் போடுவதில்லை. மூட்டு எவ்வளவு மடங்குகிறது, தசைக்கு எவ்வளவு பலம் இருக்கிறது, எந்த இடம் வரை கால் போயிருக்கிறது என்று ஒவ்வொன்றாகக் கணக்கிடுகிறார். சர்க்கரை நோயால் கால் விரல்களை மட்டும் இழந்தவருக்கு 40 எட்டாமல் போகலாம். முழங்காலுக்குக் கீழே காலையே இழந்தவருக்கு அதைத் தாண்டி விடும்.

2024 அக்டோபரில் வந்த திருத்தத்தின்படி அட்டையின் நிறமே சதவீதத்தைச் சொல்லி விடும். 40-க்குக் குறைந்தால் வெள்ளை, 40 முதல் 80-க்குள் மஞ்சள், 80-ம் அதற்கு மேலும் நீலம். அதே திருத்தம், விண்ணப்பத்தின் மேல் முடிவெடுக்கும் காலக் கெடுவை ஒரு மாதத்திலிருந்து மூன்று மாதமாக நீட்டியது. இரண்டு ஆண்டுகளுக்கு மேல் முடிவின்றிக் கிடக்கும் விண்ணப்பம் காலாவதி ஆகும். மறுபடி விண்ணப்பிக்க வேண்டும். ஆகையால் விண்ணப்பித்து விட்டுச் சும்மா இருந்து விடக் கூடாது.

குணமாகக் கூடிய குறைபாடு என்றால் சான்றிதழில் எத்தனை வருஷத்துக்குச் செல்லும் என்று குறிப்பிடுவார்கள். அந்தத் தேதியைக் காலண்டரில் குறித்து வைத்துக் கொள்ள வேண்டும். முடிவில் திருப்தி இல்லாதவர்களுக்கு 59-ஆம் பிரிவின்படி அப்பீல் உண்டு. மோசடி செய்து சலுகை பெற்றால் 91-ஆம் பிரிவின்படி இரண்டு ஆண்டு வரை சிறை, ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் கிடைக்கும். 2025-ல் ஆந்திர அரசு பென்ஷன் வாங்கும் மாற்றுத் திறனாளிகளை மறுபடி மருத்துவப் பரிசோதனைக்கு அழைத்தது. காகிதங்களைப் பத்திரப்படுத்தாத உண்மையானவர்களும் இதுபோன்ற சமயங்களில் திண்டாட வேண்டி வரும்.

இரண்டாவது காகிதம்: வண்டிப் பதிவு

ஸ்கூட்டருக்குப் பக்கச் சக்கரம் பூட்டினால் அது வேறு வண்டி ஆகி விடுகிறது. 2019-ல் திருத்திய மோட்டார் வாகனச் சட்டம், மாற்றுத் திறனாளிக்காக அமைத்த அல்லது மாற்றிய வண்டியைத் தனி வகையாகவே கூறுகிறது. பட்டறையில் சக்கரம் பூட்டியதோடு நிறுத்தி விடாமல், வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் அந்த மாற்றத்தைப் பதிவுப் புத்தகத்தில் ஏற்றிக் கொள்ள வேண்டும். ஓட்டுநர் லைசென்சும் அந்த வகை வண்டிக்கு உரியதாக இருக்க வேண்டும். ஏற்றாமல் விட்டால் விபத்து நேரும்போது இன்ஷூரன்ஸ் கம்பெனி கேள்வி எழுப்ப இடம் ஏற்படும்.

2020 அக்டோபரில் மத்திய போக்குவரத்து அமைச்சகம் இன்னொரு நல்ல காரியம் செய்தது. வண்டியைப் பதிவு செய்யும் விண்ணப்பத்தில், உரிமையாளர் மாற்றுத் திறனாளி என்று குறிக்கத் தனி இடம் ஏற்படுத்தியது. அதுவரை அவருக்கும் மற்றவருக்கும் பதிவுப் புத்தகத்தில் வித்தியாசம் தெரியாது. புதிதாக வண்டி வாங்குவோர் இதைக் கேட்டுப் பதிவு செய்ய வேண்டும். சாலை வரிச் சலுகை மாநிலத்துக்கு மாநிலம் மாறும். சான்றிதழ் நகலுடன் அதையும் அதே அலுவலகத்தில் கேட்கலாம்.

நீலப் படம் போட்ட இடத்தில் யாராவது தடுத்தால், அடையாள அட்டையும் பதிவுப் புத்தகமும் சேர்ந்துதான் நமக்காகப் பேசும்.

ரயில்வே ஸ்டேஷனில்

2016 சட்டத்தின் 41-ஆம் பிரிவு பஸ் நிறுத்தம், ரயில்வே ஸ்டேஷன், விமான நிலையம் ஆகியவற்றில் மாற்றுத் திறனாளிகளுக்கு வேண்டிய வசதிகளைக் கூறும்போது, வண்டி நிறுத்தும் இடத்தைத்தான் முதலில் சொல்கிறது. பிறகு கழிப்பறை, டிக்கெட் கவுண்டர். ரயில்வேயும் ஸ்டேஷன்களுக்குக் குறுகிய கால வசதிகள் என்று ஒரு பட்டியல் வைத்திருக்கிறது. நுழைவாயிலில் சாய்தளம், குறைந்தது இரண்டு வண்டிகளுக்கு ஒதுக்கிய இடம், அங்கிருந்து கட்டடம் வரை வழுக்காத நடைபாதை, கண்ணில் படும் அறிவிப்புப் பலகை, ஒரு கழிப்பறை, ஒரு குடிநீர்க் குழாய், உதவிக் கூடம். ஒதுக்கிய இடம் அடைபட்டிருந்தால் ஸ்டேஷன் மேனேஜரிடம் இந்தப் பட்டியலைச் சொல்லியே கேட்கலாம். புகார்ப் புத்தகத்திலும் எழுதலாம்.

கவுண்டரில் அடிக்கடி எழும் ஒரு தகராறையும் இங்கே தெளிவுபடுத்தி விடலாம். "40 சதவீத அட்டை இருக்கிறது, டிக்கெட்டில் ஏன் சலுகை இல்லை?" என்று கோபிக்கிறார்கள். வண்டி நிறுத்தும் இடத்துக்கும் ரயில் சலுகைக்கும் அளவுகோல் வேறு வேறு. ரயில்வே சலுகை நான்கு பிரிவினருக்கு மட்டும்: துணையின்றிப் பயணம் செய்ய முடியாத கை கால் ஊனமுற்றோர், துணையின்றிப் பயணம் செய்ய முடியாத மனவளர்ச்சி குன்றியோர், பார்வை முழுக்க இழந்தோர், காது கேளாமலும் வாய் பேசாமலும் இருப்போர். முதல் மூன்று பிரிவினருக்கு இரண்டாம் வகுப்பிலும் ஸ்லீப்பரிலும் 75 சதவீதச் சலுகை. துணைக்கு வரும் ஒருவருக்கும் அதே சலுகை. நான்காவது பிரிவினருக்கு 50 சதவீதம்.

இதற்கு ரயில்வேயின் சொந்த படிவத்தில் அரசு டாக்டர் கையெழுத்தும் முத்திரையும் வேண்டும். நிரந்தரக் குறைபாடு என்றால் 25 வயது வரை உள்ளவர்களுக்கு 5 ஆண்டு, 26 முதல் 35 வரை 10 ஆண்டு, அதற்கு மேல் ஆயுள் முழுவதும் அது செல்லும். அதைக் கொண்டு கம்ப்யூட்டர் வழியாக விண்ணப்பித்து ரயில்வே அடையாள அட்டை வாங்கிக் கொண்டால், ஒவ்வொரு முறையும் கவுண்டருக்கு வர வேண்டியதில்லை. வீட்டிலிருந்தே சலுகை டிக்கெட் எடுக்கலாம். மருத்துவ வாரியத்துக்குப் போகும் அன்றே இந்தப் படிவத்தையும் எடுத்துப் போனால் இரண்டாவது முறை அலைய வேண்டியிராது.

திருமலைக்குப் போகும் உறவினர்களுக்கும் இதைச் சொல்லி வையுங்கள். முதியோருக்கும் மாற்றுத் திறனாளிகளுக்கும் தேவஸ்தானம் தனி தரிசன ஏற்பாடு வைத்திருக்கிறது. அங்கேயும் அசல் சான்றிதழைக் காட்டியாக வேண்டும். ஊரில் பீரோவுக்குள் வைத்து விட்டு வந்தால் பயன் இல்லை.

இன்னும் அடைபடாத ஓட்டை

இவ்வளவும் செய்த பிறகும் ஒரு குறை மிஞ்சுகிறது. நமது கணக்கர் அன்பருடைய வண்டியைப் பார்த்தாலே விஷயம் புரியும். ஆனால் பக்கவாதம் வந்த தாயாரை மகன் சாதாரணக் காரிலோ வாடகை வண்டியிலோ அழைத்து வந்தால்? வண்டியில் எந்த அடையாளமும் இருக்காது. அந்த அம்மாளிடம் யூ.டி.ஐ.டி. அட்டை இருக்கும், ஆனால் அது அவருடைய கைப்பைக்குள் அல்லவா இருக்கும்! அவரை உள்ளே அழைத்துப் போன பிறகு, வெளியே நிற்கும் வண்டி யாருக்காக வந்தது என்று காவலாளி எப்படி அறிவார்? மூட்டு வலிக்கும் வேளையில் நடக்க முடியாத ரத்தம் உறையா நோயாளியைப் பார்த்து, "நன்றாகத்தானே நிற்கிறார்" என்று யாரும் சொல்லி விடலாம்.

காவலாளியால் ஆளை அடையாளம் காண முடியாத இடத்தில் சட்டம் ஒதுக்கிய இடம் முந்தி வருபவருக்குப் போய் விடுகிறது. மோட்டார் சைக்கிள்காரர்கள் எல்லாரும் கெட்டவர்கள் என்பதல்ல இதற்குக் காரணம். கேட்பதற்கும் காட்டுவதற்கும் ஒரு வழி இல்லாததே காரணம். யூ.டி.ஐ.டி. எண்ணை ஆதாரமாக வைத்து, தேதியும் முத்திரையும் இட்ட ஓர் அட்டையை மாவட்ட நிர்வாகமே வழங்கினால் இந்த ஓட்டை அடைபடும். புதிதாக மருத்துவப் பரிசோதனை எதுவும் தேவைப்படாது. டாக்டர்கள் செய்ய வேண்டிய வேலையை முன்பே செய்து முடித்து விட்டார்கள்.

கேட்பதற்கு இது நல்ல சமயம். 2024 நவம்பர் 8-ஆம் தேதி ராஜீவ் ரதூரி வழக்கில் உச்ச நீதிமன்றம், பொது இடங்களைத் தடையின்றிப் பயன்படுத்தும் வசதி பற்றிய விதி வெறும் சிபாரிசாக இருந்தால் சட்டத்துக்குப் பொருந்தாது, கட்டாயமான விதிகள் வேண்டும் என்று தீர்ப்பளித்தது. சட்டத்தை மீறுவோருக்கு 89-ஆம் பிரிவு, முதல் தடவை 10,000 ரூபாய் வரையிலும், மறுபடி மீறினால் 50,000 முதல் 5 லட்சம் ரூபாய் வரையிலும் அபராதம் விதிக்கிறது. மாநில மாற்றுத் திறனாளிகள் ஆணையருக்கு மனு எழுதலாம். திங்கட்கிழமைதோறும் கலெக்டர் அலுவலகத்தில் மக்கள் குறை கேட்கிறார்கள். அங்கே நேரிலும் கொடுக்கலாம். தெலுங்கில் எழுதத் தெரியாது என்று தயங்க வேண்டாம். உடன் வேலை செய்யும் தெலுங்கு நண்பர் அரை மணி நேரத்தில் எழுதிக் கொடுப்பார். இது தமிழர், தெலுங்கர் என்று பிரித்துப் பார்க்கும் விஷயமும் அல்ல.

கணக்கர் அன்பர் பழைய சான்றிதழை இணைத்து விண்ணப்பித்து விட்டார். ஸ்கூட்டரின் பக்கச் சக்கரங்களைப் பதிவுப் புத்தகத்தில் ஏற்றுவதற்கும் மனுக் கொடுத்திருக்கிறார். கண்ணாடியில் வைக்கும் அட்டைக்காகக் கடைத் தொழிலாளர்கள் சிலரிடம் கையெழுத்து வாங்கி, கலெக்டருக்கு ஒரு மனுவும் தயாரித்து வருகிறார்.

மனு போய்ச் சேர்ந்து பலன் தெரியக் காலம் ஆகலாம். அது வரை மற்றவர்கள் செய்யக் கூடியது ஒன்று உண்டு. எவ்வளவு அவசரமானாலும் நீலப் படம் போட்ட இடத்தில் நம் வண்டியை நிறுத்தாமல் இருக்கலாம். அதற்கு எந்த டாக்டர் கையெழுத்தும் தேவை இல்லை.